எட்டயபுரத்து அச்சுக்கூடமும் ஏட்டில் இறங்கிய இசையும்

எட்டயபுரம் என்றதும் தமிழர் நெஞ்சில் முதலில் எழுவது பாரதியாரின் திருவுருவம். வரலாறு படித்தவர்களுக்குப் பாளையக்காரர் காலத்துப் பழைய பகைகள் நினைவுக்கு வரும். இசையன்பர்களுக்கோ அது முத்துசாமி தீட்சிதர் 1835ஆம் ஆண்டுத் தீபாவளித் திருநாளில் உயிர் நீத்த ஊர். அவருடைய சமாதி இன்றும் அங்கே இருக்கிறது. இவற்றோடு வைத்து எண்ணத்தக்க மற்றொரு பெருமையும் அச்சிற்றூருக்கு உண்டு. அதைப் பாடகர் வட்டத்துக்கு வெளியே அறிந்தவர் சிலரே. 1904ஆம் ஆண்டில் எட்டயபுரம் சமஸ்தானத்தின் வித்தியா விலாசினி அச்சுக்கூடத்திலிருந்து ‘சங்கீத சம்பிரதாய பிரதர்சினி’ என்னும் நூல் வெளிவந்தது. தென்னிந்திய இசைக்கு அச்சில் கிடைத்த களஞ்சியங்களுள் இதற்கு ஒப்பானது அதற்கு முன்னும் இல்லை. பின்னும் இல்லை என்றே சொல்லத் தோன்றுகிறது.

ஏறக்குறைய 1,700 பக்கங்கள். ஆசிரியர் சுப்பராம தீட்சிதர். முத்துசாமி தீட்சிதரின் தம்பி பாலுசாமி தீட்சிதர் எட்டயபுரம் அரண்மனையில் வித்துவானாக அமர்ந்தவர். மேனாட்டு வயலினை நம் இசைக்குப் பழக்கியவர் என்று போற்றப்படுபவரும் அவரே. அவருடைய மகள் வயிற்றுப் பேரனாகத் திருவாரூரில் 1839இல் பிறந்து, பின்பு அவருக்கே சுவீகாரப் புத்திரரானவர் சுப்பராம தீட்சிதர். எனவே பாட்டனாரிடமிருந்து நேர்வாய்மொழியாக வந்த பாடல்கள் அவர் நெஞ்சிலும் வீணையிலும் இருந்தன. வேங்கடமகி வகுத்த வழியில் 72 மேளங்களையும் வரிசைப்படுத்தி, ஒவ்வொன்றின்கீழும் இராகங்களின் இலக்கணம், பழைய கீதங்கள், கிருதிகள், தாமே இயற்றிய சஞ்சாரிகள் என்று அடுக்கிக்கொண்டு போகிறார். முத்துசாமி தீட்சிதரின் கிருதிகள் மட்டும் 229. இசைப்புலவர்கள் 76 பேரின் வரலாறும் உண்டு. நம் இசைப் பெரியோரின் வாழ்க்கையை அச்சில் தொகுத்துத் தந்த முயற்சிகளுள் இது தலையாயது; பின்னால் எழுதியவர்கள் பலரும் இதிலிருந்தே தொடங்கினார்கள்.

இத்தகைய நூல் ஏன் இவ்வளவு காலங்கடந்து வந்தது என்று ஒருவர் கேட்கலாம். 1835ஆம் ஆண்டையே எடுத்துக்கொள்வோம். முத்துசாமி தீட்சிதர் மறைந்த அதே ஆண்டில்தான், இந்தியர் அச்சுக்கூடம் நடத்துவதற்கு இருந்த தடைகளை மெட்காப் துரை நீக்கினார். அதன்பின் சென்னையில் புராணமும் நிகண்டும் பஞ்சாங்கமும் அச்சேறின. இசை மட்டும் தயங்கி நின்றது. பாட்டின் சொற்களை அச்சிடுவது எளிது. மெட்டை எப்படி அச்சிடுவது? ஏட்டில் சுரம் எழுதும் வழக்கம் இருந்ததுதான். ஆயினும் அது பாடமாகிவிட்டவன் மறவாமல் இருக்க எழுதிக்கொண்ட குறிப்பு. பாடமாகாதவனுக்கு அதனால் பயனில்லை.

வேறொரு காரணமும் உண்டு. அதை மறைக்க வேண்டியதில்லை. பாட்டு என்பது குடும்பச் சொத்தாக இருந்தது. நிலபுலன் இல்லாத வித்துவானுக்குத் தன் பாடாந்தரமே காணி. அதைக் கேட்பவர்க்கெல்லாம் கொடுத்துவிட்டால் அவன் பிள்ளை எதை வைத்துப் பிழைப்பான்? சீடன் ஆண்டுக்கணக்காகக் குருவின் வீட்டில் தண்ணீர் சுமந்து, வெற்றிலை மடித்துக் கொடுத்து, ஒவ்வொரு கிருதியாகப் பெற்றுக்கொண்டான். இந்த முறையைக் குறை கூறுவது எளிது. நூறு ஆண்டுகள் அந்தப் பாடல்களைக் காப்பாற்றியதும் இதே முறைதான் என்பதையும் நினைக்க வேண்டும். ஆனால் ஒரு வித்துவான் பிள்ளையில்லாமலோ சீடனில்லாமலோ இறந்தால், அவரோடு எத்தனை பாடல்கள் எரிந்தன என்பதற்குக் கணக்கில்லை. முத்துசாமி தீட்சிதரின் தந்தையார் இராமசாமி தீட்சிதர் 108 இராகங்களையும் தாளங்களையும் கோத்து ஒரு பெரும் மாலிகை செய்தார். அதில் பாதிக்குச் சற்று மேற்பட்ட பகுதியே நமக்குக் கிடைத்திருக்கிறது. சொந்தக் குடும்பத்திலேயே, இரண்டு மூன்று தலைமுறைக்குள் நேர்ந்த இழப்பு இது.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சென்னையில் தச்சூர் சிங்காராசாரியார் சகோதரர்கள் சுரக்குறிப்போடு தெலுங்கில் வரிசையாகப் பாட்டு நூல்களை வெளியிட்டார்கள். மாணவர்க்கு அவை பெரிதும் உதவின. அவை பாட்டின் எலும்பைக் காட்டின. சதையைக் காட்ட முற்பட்டவர் வேறொருவர். அவரைப்பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன். என்னைப்போல் கோப்புகளுக்கிடையே நாளைக் கழிக்கும் குமாஸ்தாக்கள் அவரைத் தம் இனத்தவரென்று உரிமை கொண்டாடலாம்.

அ. மு. சின்னசாமி முதலியார் சென்னை அரசாங்கத் தலைமைச் செயலகத்தில் கண்காணிப்பாளராகப் பணியாற்றியவர். எம். ஏ. பட்டம் பெற்றவர். கத்தோலிக்கக் கிறித்தவர், ஐரோப்பிய இசையை முறையாகக் கற்றவர். அவருக்கு ஓர் ஆசை பிறந்தது. தியாகராஜ சுவாமிகள் முதலியோரின் கிருதிகளை ஐரோப்பிய முறையிலான ஐந்து கோட்டுக் குறிப்பில் எழுதி அச்சிட்டுவிட்டால், உலகத்தில் எந்த நாட்டவரும் அதைப் பார்த்து வாசிக்கலாம், பாடலும் அழியாது. தியாகராஜரின் நேர்ச்சீடரான வாலாஜாபேட்டை வேங்கடரமண பாகவதரின் குமாரர் கிருஷ்ணசாமி பாகவதரைப் பாடச்செய்து கேட்டார். கேட்டு, எழுதி, மீண்டும் வாசித்துக் காட்டிச் சரிபார்த்தார். 1892ஆம் ஆண்டு தொடங்கி, கீழைநாட்டு இசையை ஐரோப்பியக் குறிப்பில் தரும் வெளியீட்டைப் பகுதி பகுதியாக அச்சிடலானார். அதே 1892இல்தான் உ. வே. சாமிநாதையர் சிலப்பதிகாரத்தை அச்சிட்டார். ஒருவர் ஏட்டுச் சுவடியைத் தேடி ஊர் ஊராக அலைந்தார். மற்றவர் பாடும் தொண்டையைத் தேடிப் பிடித்து உட்காரவைத்தார். தேடியது இருவரும் ஒன்றைத்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

சாமிநாதையருக்குக் கிடைத்த ஆதரவு முதலியாருக்குக் கிடைக்கவில்லை. ஐந்து கோட்டுக் குறிப்பைப் படிக்கத் தெரிந்தவர்களுக்கு நம் கிருதி தெரியாது. கிருதி தெரிந்தவர்களுக்கு அந்தக் குறிப்பு தெரியாது. இரு கரைக்கும் நடுவே ஓடம் நின்றுவிட்டது. குறிப்பு முறையிலேயே ஓர் இடர்ப்பாடும் இருந்தது. அது சுரங்களைத் தனித்தனிப் புள்ளிகளாக நிறுத்திக் காட்டுவது. நம் இசையின் உயிரோ ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்குப் போகும் வழியில் இருக்கிறது. தோடியின் காந்தாரத்தை ஒரு புள்ளியாக எழுதினால் அது தோடியாகாது. அசைவே அதன் உருவம். முதலியார் இதை அறியாதவரல்லர். அறிந்தே முயன்றார். அச்சுச் செலவில் கைப்பொருள் கரைந்தது. இரவு பகலாக எழுதியதால் கண்பார்வையும் மங்கியது. அலுவலகப் பணிக்கு மேல் இவ்வளவும் செய்தவர் அவர்.

இந்த முயற்சியின் நடுவிலேதான் அவர் சுப்பராம தீட்சிதரை நாடினார். முத்துசாமி தீட்சிதரின் கிருதிகளை அந்தக் குடும்பத்தார் வாயிலாகவே பெறவேண்டும் என்பது அவர் உறுதி. தீட்சிதர் முதலில் இணங்கவில்லை, அதில் வியப்பொன்றுமில்லை. மேலே சொன்ன குடும்பக் காணி இது. தம் பாட்டனார் கட்டிக்காத்ததை, அச்சுக்கூலி கொடுத்து வாங்கும் எவனுக்கும் எப்படிக் கொடுப்பது? ஆனால் முதலியாரின் உழைப்பையும் பற்றையும் பார்க்கப் பார்க்க அவர் மனம் இளகியது. 1899ஆம் ஆண்டில் எட்டயபுரம் அரசரின் பட்டாபிஷேக விழாவுக்கு முதலியார் சென்றார். பார்வை குன்றியிருந்த நிலையில் சென்றார். தமக்கென்று எதுவும் கேட்கவில்லை. தீட்சிதரிடமுள்ள சங்கீதம் முழுவதையும் நூலாக எழுதி அச்சிடச் செய்யவேண்டும் என்று அரசரிடம் விண்ணப்பித்தார். அரசர் இசைந்து ஆணையிட்டார். அரசர் ஆணை என்ற பிறகு தயக்கத்துக்கு இடமில்லை. அறுபதைத் தொட்ட வயதில் தீட்சிதர் எழுத உட்கார்ந்தார்.

இங்கே என் மனத்தைத் தொடுவது ஒன்று உண்டு. முதலியார் தம் ஐந்து கோட்டு முறையைத்தான் பின்பற்ற வேண்டும் என்று பிடிவாதம் பிடித்ததாகத் தெரியவில்லை. நூல் நம் நாட்டுச் ச, ரி, க, ம, ப, த, நி எழுத்துக்களிலேயே அமைந்தது. ஆனால் அவர் எழுப்பிய கேள்வி நூல் முழுவதும் நிற்கிறது: அசைவை எப்படி எழுதுவது? அதற்கு விடையாகச் சுப்பராம தீட்சிதர் ஒவ்வொரு சுரத்தின் தலைமேலும் ஒரு குறியிட்டார். அலைபோன்ற கோடு கம்பிதம், அதாவது அசைத்தல். மேல்நோக்கிச் சாய்ந்த கோடு ஏற்ற ஜாரு. கீழ்நோக்கிச் சாய்ந்தது இறக்க ஜாரு. இன்னும் ஸ்புரிதம், பிரத்யாஹதம், நொக்கு, ரவை, கண்டிப்பு, வளி, ஒதுக்கல், ஒரிகை என்று நீள்கிறது பட்டியல். தெலுங்கு நூல்தான், ஆனால் இந்தப் பெயர்களைக் காது கொடுத்துக் கேளுங்கள். ஏற்றம், இறக்கம், ஒதுக்கல் எல்லாம் வீணை வாசிப்போர் வாயில் புழங்கிய தமிழ்ச்சொற்கள். ‘ஏற்ற ஜாரு’ என்பதில் தமிழும் தெலுங்கும் கைகோத்தே நிற்கின்றன. சாத்திரத்தில் கமகங்களுக்கு வடமொழிப் பெயர்கள் இருக்கவே, தீட்சிதர் தம் விரல் அறிந்த பெயர்களையும் விடாமல் எழுதிவைத்தார். இது ஓர் அரிய நேர்மை.

அச்சுக்கோப்பவர் பட்ட பாட்டையும் நினைத்துப் பார்க்க வேண்டும். தெலுங்கு அச்செழுத்துப் பெட்டியில் அலையும் சாய்கோடும் கிடையா. சுரத்தின் கீழும் மேலும் மந்தர, தாரப் புள்ளிகள், கால அளவைக் காட்டும் கோடுகள், அவற்றுக்குமேல் கமகக் குறிகள், அடியில் சாகித்தியம். ஒரே வரிக்கு இத்தனை மாடி. ஓர் எழுத்து ஓரிழை நகர்ந்தாலும் இராகம் மாறிப்போகும். இரயில் நிலையமே இல்லாத ஒரு சிற்றூரில், சமஸ்தானத்து அச்சுக்கூடத்தில், இந்த வேலை 1,700 பக்கங்களுக்கு நடந்தது. அச்சுத் தொழிலாளர் பெயர்களை யாரும் எழுதிவைக்கவில்லை. எழுதிவைத்திருக்க வேண்டும்.

நூல் அச்சாகிக்கொண்டிருந்த காலத்தில் அதே அரண்மனையில் இளைஞரான சுப்பிரமணிய பாரதியும் பணியில் இருந்தார். காசியிலிருந்து திரும்பி 1902 முதல் 1904 வரை அவர் எட்டயபுரத்தில் இருந்த காலம் அது. சங்கீத வித்துவான்கள் பொருள் தெரியாத மொழிப் பாட்டுக்களையே திரும்பத் திரும்பப் பாடுவதைப் பின்னாளில் கடுமையாகக் கண்டித்து எழுதியவர் பாரதியார். அப்படிப்பட்டவர், 1906இல் சுப்பராம தீட்சிதர் மறைந்தபோது இரங்கிப் பாடினார். அப்பாடல் அவருடைய கவிதைத் தொகுதிகளில் சான்றோர் வரிசையில் இடம்பெற்றிருக்கிறது. மொழியைப்பற்றிக் குறை இருந்தும் மேதையைப் போற்றத் தவறாத மனம் அது. தமிழிசை வேண்டும் என்போரும் பழைய சம்பிரதாயம் வேண்டும் என்போரும் இன்னும் தனித்தனி மேடையில் நின்று வாதிடுகிறார்கள். அவர்கள் அந்த இரங்கற்பாவை ஒருமுறை படிப்பது நல்லது.

இனி, நாம் வாழும் மும்பை மாநகருக்கும் எட்டயபுரத்துக்கும் உள்ள தொடர்புக்கு வருகிறேன். இந்நகரின் வால்கேசுவரத்தில் 1860இல் பிறந்தவர் பண்டித விஷ்ணு நாராயண பாத்கண்டே. தொழிலால் வழக்கறிஞர். பார்சிகள் நடத்திவந்த ‘காயன் உத்தேஜக் மண்டலி’ என்ற இசைச் சங்கத்தில் பயின்றவர். இந்துஸ்தானி இசையில் உஸ்தாதுகள் தம் வீட்டுப் பாட்டுக்களை வெளியாருக்குக் கொடுக்காமல் காப்பதையும், இராகங்களுக்கு முறையான இலக்கணம் இல்லாதிருப்பதையும் கண்டு, ஊர் ஊராகச் சுற்றித் தேடினார். 1904ஆம் ஆண்டின் இறுதியில் தென்னாடு வந்தார். சென்னை, தஞ்சை, மதுரை என்று பல ஊர்களில் பல வித்துவான்களைக் கண்டார். அவர் எளிதில் திருப்தியடைபவரல்லர். பலரைச் சந்தித்து ஏமாற்றமே கொண்டார். எட்டயபுரத்தில் சுப்பராம தீட்சிதரைக் கண்டபோதுதான் அவர் தேடியதை அறிந்த ஒருவர் எதிரே உட்கார்ந்திருந்தார்.

ஒருவர் மராத்தியர், மற்றவர் தமிழகத்து வைதிகர். ஒருவர் மொழி மற்றவருக்கு வாராது. இடையே மொழிபெயர்ப்பாளர் வேண்டியிருந்தது. இருவரும் வேங்கடமகியின் ‘சதுர்தண்டி பிரகாசிகை’யைப்பற்றிப் பேசினார்கள். தீட்சிதரிடம் அதன் ஏட்டுப்பிரதி இருந்தது. பாத்கண்டே அதன் படியைப் பெற்றுக்கொண்டு திரும்பினார். 72 மேளம் என்னும் தென்னாட்டு ஒழுங்கைக் கண்ட பின்பே, இந்துஸ்தானி இராகங்களைப் பத்துத் ‘தாட்’டுகளில் அடக்கும் தம் முறையை அவர் உலகுக்குத் தந்தார். ஆயிரத்துக்கும் மேற்பட்ட பாடல்களைச் சுரக்குறிப்போடு ஆறு பகுதிகளில் ‘கிரமிக் புஸ்தக் மாலிகா’ என அச்சிட்டார். இன்று நம் அண்டை வீட்டு மராத்திப் பெண் ஆர்மோனியத்தின் முன் அமர்ந்து பத்துத் தாட்டுகளை ஒப்பிக்கிறாள். அதில் எட்டயபுரத்து ஏட்டின் சாயலும் கலந்திருக்கிறது. இதை அவள் ஆசிரியரிடம் சொன்னால் நம்ப மாட்டார். ஆனாலும் சொல்லத்தான் வேண்டும்.

அதே பாத்கண்டேயின் முயற்சியால் 1916இல் பரோடாவில் அகில இந்திய இசை மாநாடு கூடியது. அங்கே தஞ்சையிலிருந்து ஆபிரகாம் பண்டிதர் தம் பெண்மக்களோடு வந்தார். சித்த மருத்துவத்தில் பேரும் பொருளும் ஈட்டியவர். ஈட்டிய பொருளைச் சங்கீத ஆராய்ச்சியில் கொட்டியவர். 1912இல் சங்கீத வித்யா மகாஜன சங்கத்தை நிறுவித் தம் செலவிலேயே மாநாடுகள் நடத்தினார். சுருதி 22 என்னும் கொள்கையை மறுத்து, சிலப்பதிகாரத்தையும் அதன் உரைகளையும் ஆதாரமாகக் காட்டி, 24 என்று நாட்டினார். தாம் சொன்னதைத் தம் மகளிரைப் பாடியும் வாசித்தும் காட்டச் செய்தார். 1917இல் அவருடைய ‘கருணாமிர்த சாகரம்’ தஞ்சையில் அவருடைய சொந்த மின்சார அச்சகத்திலேயே 1,300க்கும் மேற்பட்ட பக்கங்களில் வெளிவந்தது. அவர் கணக்கில் ஐயம் கொள்வோர் உண்டு. தமிழிலேயே, தமிழ் நூல்களைக் கொண்டே இசையிலக்கணத்தை ஆராயலாம் என்று காட்டிய துணிவில் ஐயம் கொள்ள இடமில்லை. அவ்வழியில் ஈழத்துச் சுவாமி விபுலாநந்தர் 1947இல் ‘யாழ் நூலை’ அரங்கேற்றினார்; அரங்கேறிய சில வாரங்களிலேயே மறைந்தார். இவ்விருவரைப்பற்றியும் தனித்தனிக் கட்டுரை எழுதவேண்டும். இங்கே இவ்வளவு போதும்.

சங்கீத சம்பிரதாய பிரதர்சினிக்குத் திரும்புவோம். அச்சில் வந்ததனால் அதற்கு ஒரு புதிய அதிகாரம் பிறந்தது. இரண்டு பாடகர் ஒரு கிருதியை இருவிதமாகப் பாடினால், முன்பு குருவின் பெயரைச் சொல்லி வாதிட்டார்கள். இப்போது நூலைத் திறந்து காட்டுகிறார்கள். இது நன்மைதான், தொல்லையும்தான். முத்துசாமி தீட்சிதரின் பெயரில் இன்று 400க்கும் மேற்பட்ட கிருதிகள் வழங்குகின்றன. நூலில் உள்ளவை 229. ஏனையவற்றுள் பலவற்றைப் பிற்காலத்தில் கல்லிடைக்குறிச்சி சுந்தரம் ஐயர் ‘தீட்சித கீர்த்தன மாலை’ என்னும் தொகுதிகளில் வெளியிட்டார். அவை உண்மையில் தீட்சிதருடையவையா என்னும் வாதம் இன்னும் ஓயவில்லை. துவிஜாவந்தியில் அமைந்த ‘அகிலாண்டேசுவரி’யை எடுத்துக்கொள்ளுங்கள். நவராத்திரிக் கொலுவில் நம் வீட்டுப் பெண்கள் பாடாத ஆண்டில்லை. அது பிரதர்சினியில் இல்லை. அந்நூலில் துவிஜாவந்திக்கு உள்ள தீட்சிதர் கிருதி ‘சேதஸ்ரீ’.

இல்லாதது என்பதனாலேயே அது அவருடையதன்று என்று தள்ளிவிடலாமா? என் கருத்து, கூடாது என்பதே. சுப்பராம தீட்சிதர் தமக்குத் தெரிந்ததைத் தந்தார். முத்துசாமி தீட்சிதருக்குத் திருவாரூரிலும் தஞ்சையிலும் சீடர்கள் பலர். தஞ்சை நால்வரும் அவரிடம் கற்றவர்களே. எல்லாச் சீடர் வீட்டுப் பாடமும் எட்டயபுரம் வந்து சேர்ந்திருக்கும் என்று கொள்வதற்கில்லை. அதே சமயம், நூலில் உள்ள பாட்டுக்கு உள்ள சான்று, நூலில் இல்லாத பாட்டுக்கு இல்லை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். அலுவலக வழக்கில் சொன்னால், முன்னது பதிவேட்டில் ஏறியது. பின்னது நேரில் வந்து நிற்பது. பதிவேட்டில் பெயர் இல்லாதவன் பிறக்கவே இல்லை என்று சொல்லும் அதிகாரிகளை நாம் அறிவோம்.

இவ்வளவு பெரிய நூல் தமிழ்நாட்டின் தென்கோடியில் அச்சாகியும், தமிழ் மட்டும் தெரிந்தவர் கையில் அது நெடுங்காலம் ஊமையாகவே இருந்தது. தெலுங்கு எழுத்தில் அச்சிட்டதற்குக் காரணம் உண்டு. அக்காலத்தில் சங்கீத நூல்கள் தெலுங்கிலேயே வந்தன. வடமொழிக் கிருதிகளின் வருக்க எழுத்துக்களை வேறுபடுத்திக் காட்டத் தெலுங்கில் எழுத்துக்கள் உள்ளன. தமிழில் எழுத்தின் தலையில் 2, 3, 4 என்று எண் போட வேண்டியிருக்கிறது. காரணம் எதுவாயினும், விளைவு இதுதான்: எட்டயபுரத்துக்கு அடுத்த ஊர்ப் பள்ளிப்பிள்ளை அதைத் திறந்தால் ஓரெழுத்தும் படிக்க இயலாது. சென்னை மியூசிக் அகாடமி அந்நூலைத் தமிழெழுத்தில் பெயர்த்து வெளியிடத் தொடங்கியது. 1961இல் முதற்பகுதி வந்தது. 1983இல் ஐந்தாம் பகுதியோடு முற்றுப்பெற்றது. மூல நூல் எழுதி அச்சிட ஐந்து ஆண்டுகள். எழுத்து மாற்றி அச்சிட இருபத்திரண்டு ஆண்டுகள். எங்கள் அலுவலகத்தில் கோப்பு நகரும் வேகத்தைப் பழிப்பவர்கள் இதையும் கருத வேண்டும். பிழையின்றி வரவேண்டிய நூலுக்கு அவசரம் உதவாது என்பதும் உண்மை. இந்நூற்றாண்டில் ஆங்கிலத்திலும் வந்திருக்கிறது.

இதை நான் வரிந்து எழுதுவதற்குக் காரணம் நம் வீடுகளிலேயே இருக்கிறது. மாட்டுங்காவிலும் செம்பூரிலும் ஞாயிறு காலையில் பாட்டு வகுப்புக்குப் போகும் குழந்தைகளின் குறிப்பேட்டைப் பாருங்கள். சா ரீ கா மா தேவநாகரியில் இருக்கும். இல்லையேல் ஆங்கில எழுத்தில் இருக்கும். பள்ளியில் தமிழ் இல்லை. வீட்டில் பேச்சு மட்டும் உண்டு. தமிழ்நாட்டுப் பிள்ளைக்குத் தெலுங்கு எழுத்து எப்படிச் சுவராக நின்றதோ, அப்படியே நம் பிள்ளைக்குத் தமிழெழுத்தே இன்று சுவராக நிற்கிறது. பெற்றோர் அரும்பாடு பட்டுச் சென்னையிலிருந்து வாங்கிவந்த ஐந்து பகுதிகளும் அலமாரியில் இருக்கும். பாடத் தெரிந்த பெண்ணுக்கு அவற்றைப் படிக்கத் தெரியாது. படிக்கத் தெரிந்த தகப்பனுக்குப் பாடத் தெரியாது. என் வீட்டில் இருவரும் சேர்ந்து உட்கார்ந்தோம். நான் எழுத்தைப் படித்துச் சொல்ல, மகள் சுரத்தைப் பாடுவாள். ஒரு கிருதியின் பல்லவியைக் கடக்க மூன்று ஞாயிறு ஆயிற்று. நான்காம் வாரம் தானே எழுத்துக் கூட்டிப் படிக்கத் தொடங்கினாள். எனக்கு வேலை போயிற்று.

ஆயினும் நூலை மட்டும் நம்பி எவரும் பாடகராகிவிட முடியாது. சுப்பராம தீட்சிதரும் அப்படி எண்ணவில்லை. நூல் வெளிவந்த மறு ஆண்டே, 1905இல், தொடக்க மாணவர்க்கென்று ‘பிரதமாப்பியாச புஸ்தகமு’ என்னும் சிறு நூலை எழுதினார். சரளிவரிசை முதல் படிப்படியாக ஏறினால்தான் பெரிய நூலின் வாசல் திறக்கும் என்பது அவருக்குத் தெரியும். அடுத்த ஆண்டு அவர் மறைந்தார். அவருடைய குமாரர் அம்பி தீட்சிதர் பின்னாளில் சென்னைக்கு வந்து அந்தப் பாடல்களை நேரில் கற்பித்தார். அவரிடம் கற்றவர்களுள் ஒருவர் டி. எல். வேங்கடராம ஐயர், 1954 முதல் தில்லி உச்சநீதிமன்றத்தில் நீதிபதியாக வீற்றிருந்தவர். மற்றொருவர் டி. கே. பட்டம்மாள். அச்சில் ஏறிய குறி வேறு, தொண்டையில் வந்த வழி வேறு என்று இருந்தவை இவர்களிடம் ஒன்றை ஒன்று சரிபார்த்துக்கொண்டன.

அன்பர்களில் விருப்பமுள்ளவர்கள் ஒன்று செய்யலாம். பிரதர்சினியின் தமிழ்ப் பகுதி ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு, அதில் உள்ள தீட்சிதர் கிருதி ஒன்றைப் பட்டம்மாள் பாடிய பதிவில் கேளுங்கள். அவசரப்படாமல் பல்லவியின் முதல் ஆவர்த்தனத்தை மட்டும் நாலைந்து முறை கேளுங்கள். அலைக்கோடு இட்ட சுரத்தில் குரல் எங்கே அசைகிறது, சாய்கோட்டில் எங்கே வழுக்கி இறங்குகிறது என்று விரலை வைத்துப் பின்தொடருங்கள். சில இடங்களில் குரலும் குறியும் பொருந்தி வரும். சில இடங்களில் குரல் வேறு வழியே போகும். அந்த இடத்தில் ஒரு பென்சில் கோடு போட்டுவைத்து, அடுத்த முறை பாட்டு வாத்தியார் வீட்டுக்கு வரும்போது கேளுங்கள்.